மெய்ப்பு மேசையில் பிறந்த தத்துவம்

என் அக்கா மகன் தினமும் விடிந்ததும் விடியாததுமாக எனக்கு மார்க்கஸ் ஔரேலியஸை அனுப்பிவைக்கிறான். பின்னால் சூரிய உதயம், நடுவில் ரோமப் பேரரசரின் பளிங்குத் தலை, கீழே ஒரு பொன்மொழி. 'இன்று நன்றிகெட்டவர்களையும் ஆணவக்காரர்களையும் சந்திப்பாய்' என்று ஒரு நாள் வந்தது. அவ்வளவுதான், அதற்கு மேல் ஒன்றுமில்லை. மூலத்தில் அந்தப் பத்தி அதற்குப் பிறகுதான் சூடு பிடிக்கிறது. அவர்களும் என் உறவினர்களே, ஒரே அறிவில் பங்கு உள்ளவர்கள். கால்கள், கைகள், இமைகள், மேல்வரிசைப் பற்கள், கீழ்வரிசைப் பற்கள் ஆகியவற்றைப் போலச் சேர்ந்து வேலை செய்யப் பிறந்தவர்கள் நாங்கள் என்று போகும். பின்பாதியை வெட்டிவிட்டால் மிஞ்சுவது அலுவலகப் புலம்பல்தான்.

இந்தப் பொன்மொழிச் சந்தையில் அடிக்கடி அடிபடும் பெயர் பியேர் ஹாதோ. 'தத்துவம் என்பது படிப்பு அல்ல, வாழும் முறை' என்று சொன்ன பிரெஞ்சுப் பேராசிரியர் என்று அவரை ஒரு வரியில் அறிமுகப்படுத்துவார்கள். சொன்னார் என்பது உண்மைதான். ஆனால் அந்த வரியைப் படிப்பவர்களுக்கு, மலையடிவாரத்தில் கண்ணை மூடி உட்கார்ந்த ஒரு பெரியவருக்கு ஞானம் உதித்த கதைபோலத் தோன்றிவிடுகிறது. எனக்கு அதில்தான் மனத்தாங்கல். நான் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து மெய்ப்பு பார்த்தே சாப்பிட்டவள். பழைய நூல்களின் மறுபதிப்புகளை ஒப்புநோக்கி, ஒருவர் வாசிக்க ஒருவர் பார்த்து, 'கமா உண்டா, இல்லையா' என்று கேட்டே ஆயுளைக் கழித்தவள். அந்தக் கண்ணோடு ஹாதோவைப் படித்தால் வேறொரு மனிதர் தெரிகிறார். அவருடைய பெரிய கருத்து, யாரும் படிக்காத ஒரு லத்தீன் ஆசிரியரின் பாடத்தைத் திருத்தித் திருத்தி, ஒட்டுப்போட்ட இடங்களைத் தேடித் தேடிக் கிடைத்த கருத்து. எனக்குப் பிரெஞ்சு தெரியாது. ஹாதோவின் மாணவர் மைக்கேல் சேஸின் ஆங்கில மொழிபெயர்ப்புகளின் புண்ணியத்தில் படித்தவள் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

பிறந்தது பாரிஸில், 1922 பிப்ரவரி 21. வளர்ந்தது ஷாம்பெய்ன் மதுவுக்கும் பேராலயத்துக்கும் பேர்போன ரேம்ஸ் நகரத்தில். தாய் தீவிரக் கத்தோலிக்கர். மூன்று மகன்களையும் குருவாக்கிவிட வேண்டும் என்பது அவர் வைராக்கியம். மூத்த இருவரும் முன்னரே அந்த வழியில் போய்விட, கடைக்குட்டிக்குக் கேள்வியே எழவில்லை. சிறு வயதிலேயே இளங்குருமடத்தில் விட்டுவிட்டார்கள்.

குருமடத்திலிருந்து வீட்டுக்கு நடந்து போகும் வழியில், ரூய்னார் தெருவில், பதின்வயதுப் பையனுக்கு ஒரு மாலை ஏதோ நேர்ந்தது. இருட்டிவிட்டது, வானம் நிறைய நட்சத்திரங்கள். உலகம் என்று ஒன்று இருக்கிறது, நான் அதற்குள் இருக்கிறேன் என்ற உணர்வு திகிலாகவும் ஆனந்தமாகவும் ஒரே நேரத்தில் தாக்கியது. முதுமையில் கொடுத்த நேர்காணல்களில் இதைத் திரும்பத் திரும்பச் சொல்கிறார். கூடவே அவர் சொல்வது சுவையானது: குருமடத்தில் கற்பித்த ஜெபத்துக்கும் இந்த அனுபவத்துக்கும் எந்தத் தொடர்பும் இருப்பதாக அந்தப் பையனுக்குப் படவில்லை. இதற்கு மதத்தில் இடம் இல்லை, வேறெங்கோ இடம் இருக்க வேண்டும் என்று நினைத்தான். 1939இல் பள்ளி இறுதித் தேர்வுக்கு உட்கார்ந்தபோது கேள்வித்தாளில் பிரெஞ்சுத் தத்துவாசிரியர் பெர்க்சனின் வாசகம் ஒன்று கட்டுரைத் தலைப்பாக வந்தது. தத்துவம் என்பது அமைப்பு கட்டுவதல்ல. தன்னையும் தன்னைச் சுற்றியும் கள்ளமில்லாமல் பார்ப்பது என்று ஒருமுறை எடுத்துவிட்ட தீர்மானம் என்ற கருத்துடையது அது. உற்சாகமாக எழுதித் தள்ளினாராம்.

இடையில் போர். பாரிஸுக்கு அடுத்த வித்ரியில் ரயில் எஞ்சின்களைப் பழுதுபார்க்கும் பட்டறையில் கட்டாய வேலை. 1944இல் குருப்பட்டம். பட்டம் பெறும் முன் நவீனக் கொள்கைகளை மறுத்து லத்தீனில் ஓர் உறுதிமொழி எடுக்க வேண்டியிருந்தது. கோட்பாடு அப்போஸ்தலர் காலத்திலிருந்து அணுவளவும் மாறவில்லை என்று அதில் ஒரு பகுதி. வரலாறு படித்த ஒருவர் வாயால் சொல்லக் கூசும் வரி. சொன்னார். 1950இல் புதிய இறையியல் போக்குகளைக் கண்டித்துத் திருத்தந்தையின் சுற்றுமடல் வந்தது; அதே ஆண்டு மரியாவின் விண்ணேற்பு விசுவாசக் கோட்பாடாக அறிவிக்கப்பட்டது. 1952இல் ஹாதோ குருத்துவத்தை விட்டு வெளியேறினார். காதலும் ஒரு காரணம் என்பதை அவர் மறைக்கவில்லை. அந்த முதல் திருமணம் நிலைக்கவில்லை என்பதையும்தான்.

அப்போது அவர் கையில் இருந்தது ஒரே ஒரு வேலை: மாரியுஸ் விக்டோரினுஸ்.

முனைவர் பட்டத்துக்குக் கவிஞர் ரில்கேயையும் தத்துவாசிரியர் ஹைடெகரையும் சேர்த்து எழுதலாம் என்றுதான் ஹாதோ முதலில் ஆசைப்பட்டார். கேட்கவே கவர்ச்சியாக இருக்கிறது. ஆனால் மூன்றாம் நூற்றாண்டுத் தத்துவாசிரியர் புளோட்டினஸின் மூலத்தைச் செம்பதிப்பாகக் கொண்டுவந்துகொண்டிருந்த பால் ஆன்ரி என்ற இயேசு சபைத் துறவி, விக்டோரினுஸைப் பார் என்று வழிகாட்டினார். 1946 வாக்கில் தொடங்கிய அந்த வேலை 1968இல்தான் முடிந்தது.

விக்டோரினுஸ் ஆப்பிரிக்காவில் பிறந்து ரோமில் சொற்கலை கற்பித்த நான்காம் நூற்றாண்டு ஆசிரியர். செனட்டர்களே அவரிடம் பாடம் கேட்டார்கள். ஊர் நடுவே அவருக்குச் சிலை வைத்தார்கள். வயதான காலத்தில் கிறிஸ்தவ நூல்களில் ஈடுபாடு வந்து, சிம்ப்லிசியானுஸ் என்ற நண்பரிடம் தனியாக இருக்கும்போது, 'தெரியுமா, நான் இப்போது கிறிஸ்தவன்' என்பாராம். 'கோயிலுக்குள் உன்னைப் பார்த்தால்தான் நம்புவேன்' என்பார் நண்பர். 'அப்படியானால் கிறிஸ்தவனை ஆக்குவது சுவர்களா?' என்று இவர் சிரிப்பார். இந்தப் பேச்சு பலமுறை நடந்தது என்று அகஸ்டின் தம் வாழ்க்கை நூலில் எழுதுகிறார். பிறகு ஒரு நாள் திடீரென்று, 'வா, கோயிலுக்குப் போவோம்' என்று இவரே கிளம்பிவிட்டார். 362இல் ஜூலியன் பேரரசர் கிறிஸ்தவர்கள் பாடம் நடத்தக் கூடாது என்று ஆணை போட்டபோது பள்ளியை மூடிவிட்டுப் போனார்.

இவ்வளவு நல்ல கதைக்குச் சொந்தக்காரர், எழுத்தில் இரும்புக் கடலை. மூவொரு கடவுள் பற்றி, மகன் தந்தைக்குச் சமமல்ல என்ற ஆரியுஸ் கட்சிக்கு மறுப்பாக அவர் எழுதிய நூல்கள், கற்றவர்களைத் தவிர யாருக்கும் விளங்காது என்று அவருக்குப் பின்வந்த ஜெரோமே சொல்லிவிட்டார். ஹாதோ பிரெஞ்சில் மொழிபெயர்த்து ஆன்ரியோடு சேர்ந்து 1960இல் வெளியிட்டது இந்த நூல்களைத்தான்.

மெய்ப்பு பார்ப்பவர்களுக்குத் தெரியும்: ஓர் ஆசிரியர் வேறொருவரின் பத்தியை எடுத்துச் செருகியிருந்தால் அந்த இடம் கண்ணை உறுத்தும். அதுவரை வராத சொல் வரும், வந்த சொல்லுக்கு வேறு பொருள் வரும், வாக்கியத்தின் மூச்சு நீளும் அல்லது குறையும். விக்டோரினுஸின் பக்கங்களில் ஹாதோ கண்டதும் இதைத்தான். விவிலிய மேற்கோள்களுக்கு நடுவே, திடீரென்று 'ஒன்று' என்ற பரம்பொருளைப் பற்றி, அது எதுவும் அல்ல, உருவமும் அல்ல, எண்ணும் அல்ல என்று அடுக்கிக்கொண்டே போகும் பகுதிகள். லத்தீன் உடை போட்ட கிரேக்கம். யாருடைய கிரேக்கம்?

இங்கே கதை இத்தாலியின் டூரின் நகரத்துக்குப் போகிறது. அங்கே தேசிய நூலகத்தில், பாபியோ மடத்திலிருந்து வந்த ஒரு தோல் ஏடு இருந்தது. பழைய எழுத்தைச் சுரண்டிவிட்டு மேலே வேறு நூல் எழுதப்பட்ட ஏடு. அடியில் மங்கலாகக் கிடந்தது, பிளேட்டோவின் 'பார்மெனிடீஸ்' உரையாடலுக்கு எழுதப்பட்ட கிரேக்க உரையின் சில பக்கங்கள். ஆசிரியர் பெயர் இல்லை. வில்ஹெல்ம் குரோல் என்ற ஜெர்மானிய அறிஞர் 1892இல் அதைப் படித்து அச்சிட்டார். 1904இல் நூலகத்தில் தீ. ஏடு போய்விட்டது. இன்று அந்த உரை நம்மிடம் இருக்கிறது என்றால், தீப்பிடிப்பதற்கு முன் சிலர் கண்வலிக்கப் படித்துப் படியெடுத்து வைத்ததால்தான். இதை முதன்முதலில் படித்தபோது அந்த அச்சுப்படிக்கு மெய்ப்பு பார்த்தவர் யாரோ என்றுதான் என் புத்தி போயிற்று.

அந்தப் பக்கங்களையும் விக்டோரினுஸின் செருகல்களையும் அருகருகே வைத்துச் சொல் சொல்லாக ஒப்பிட்டு, இரண்டுக்கும் பின்னால் நிற்பவர் புளோட்டினஸின் மாணவர் போர்ஃபிரி என்று ஹாதோ வாதிட்டார். 1961இல் ஒரு கட்டுரையாகச் சொன்னது, 1968இல் 'போர்ஃபிரியும் விக்டோரினுஸும்' என்ற இரண்டு பாகப் பெருநூலாக வந்தது. படித்துப் பார்க்கலாம் என்று ஆசைப்படுகிறவர்களுக்கு என் அனுதாபங்கள்.

இதே போர்ஃபிரிதான் தன் ஆசிரியருக்கும் பதிப்பாசிரியர். புளோட்டினஸுக்குப் பார்வை மங்கல். எழுதியதைத் திரும்பப் படிக்கவே மாட்டார். எழுத்துகளைத் தெளிவாகப் பிரித்து எழுத மாட்டார், எழுத்துப்பிழையைப் பற்றி அவருக்குக் கவலையே கிடையாது என்று போர்ஃபிரி எழுதிவைத்திருக்கிறார். சீடரின் தலைவேதனை அந்த வரிகளில் அப்படியே தெரிகிறது. எல்லாவற்றையும் திருத்தி, ஒன்பது ஒன்பதாக ஆறு தொகுதி வர வேண்டும் என்பதற்காகச் சில நூல்களை உடைத்து 54 ஆக்கியதும் அவர் கைங்கரியம்தான். இதே போர்ஃபிரி ஒருமுறை, உயிர் உடலில் எப்படி இருக்கிறது என்று வகுப்பில் மூன்று நாள் விடாமல் கேள்வி கேட்டாராம். தவ்மாசியுஸ் என்பவர் பொறுமையிழந்து, குறிப்பெடுக்கிற மாதிரி கோவையாகப் பேசும்படி புளோட்டினஸைக் கேட்டார். 'போர்ஃபிரியின் கேள்விகளைத் தீர்க்காவிட்டால் புத்தகத்தில் எழுத நம்மிடம் என்ன இருக்கும்?' என்பது ஆசிரியரின் பதில்.

இந்தப் பதிலுக்குள் ஹாதோவின் கருத்து முழுவதும் அடங்கியிருப்பதாக எனக்குப் படும். பழங்காலத் தத்துவ நூல்களைப் படிக்கும் எல்லோருக்கும் ஒரு குறை உண்டு: தாறுமாறாக இருக்கிறது, சொன்னதையே சொல்கிறது, முன்னுக்குப் பின் முரணாக இருக்கிறது. நவீன ஆய்வாளர்கள் இதைக் குறையாகவே எடுத்துக்கொண்டு, 'ஆசிரியருக்கு ஒழுங்காக எழுதத் தெரியவில்லை' என்று மதிப்பெண் போட்டுக்கொண்டிருந்தார்கள். இல்லை, கேள்வியை மாற்றுங்கள் என்றார் ஹாதோ. இந்த நூல் யாருக்காக, எந்த வகுப்பில், எந்தக் கேள்விக்குப் பதிலாக எழுந்தது? அடிமையாயிருந்து தத்துவாசிரியரான எபிக்டெட்டஸின் உரைகள், வகுப்பு முடிந்தபின் அர்ரியன் என்ற மாணவர் எழுதிவைத்த குறிப்புகள். புளோட்டினஸின் நூல்கள் வகுப்பு விவாதங்களின் வண்டல். இந்த எழுத்துகளுக்கு முன்னால் ஒரு மாணவன் உட்கார்ந்திருக்கிறான். அவனுக்குத் தகவல் கொடுப்பதைவிட அவனை உருமாற்றுவதே நோக்கம். திரும்பத் திரும்பச் சொல்வது அதனால்தான். பயிற்சியில் திரும்பச் செய்வது குற்றமாகுமா?

இதற்கு இன்னொரு தூண்டுகோல் எதிர்பாராத திசையிலிருந்து வந்தது. 1950களின் கடைசியில், பிரான்சில் மொழித் தத்துவாசிரியர் விட்கென்ஸ்டைனைப் பற்றி எழுதியவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். அவர்களில் ஹாதோவும் ஒருவர். ஒரு சொல்லுக்குப் பொருள், அது புழங்கும் சூழலில்தான் என்ற கருத்தை எடுத்துக்கொண்டு, ஒரு தத்துவ நூலுக்கும் அப்படித்தானே என்று 1962இல் ஒரு கட்டுரை எழுதினார். அடுத்த ஆண்டு, 1963இல், புளோட்டினஸ் பற்றிய அவருடைய சிறிய நூல் வந்தது. வீட்டை விட்டு நகராமல் வேகமாக எழுதிய நூல். எழுதி முடித்து ரொட்டி வாங்க வெளியே போனபோது வேறு கிரகத்துக்கு வந்துவிட்டதுபோல் இருந்தது என்று பின்னாளில் சிரித்துக்கொண்டே சொல்கிறார். புளோட்டினஸின் உடலை மறந்த ஞானம் தனக்குச் சரிப்படாது என்று தெரிந்துகொண்டதும் அப்போதுதான்.

1964இல் பாரிஸின் உயர்கல்வி நடைமுறைப் பள்ளியில் ஆசிரியப் பதவி கிடைத்தது. முதலில் லத்தீன் திருச்சபைத் தந்தையர் துறை. பெரிய சொற்பொழிவு மண்டபம் இல்லை. சில பேர் மேசையைச் சுற்றி உட்கார்ந்து மூலத்தைப் படித்து விளக்குவார்கள். ஆண்டு முடிவில் அதன் சுருக்கத்தை நிறுவனத்தின் ஆண்டேட்டில் வெளியிட வேண்டும். எந்த நிறுவனத்தின் ஆண்டேட்டை யார் புரட்டிப் பார்க்கிறார்கள்? ஆனால் 1977இல் வெளியான அந்த ஆண்டேட்டில்தான் 'ஆன்மிகப் பயிற்சிகள்' என்ற கட்டுரை வந்தது. தியானம், அன்றாடச் சுயசோதனை, சாவை நினைத்துப் பார்த்தல், உயரத்திலிருந்து உலகைப் பார்த்தல், உரையாடல், படித்தல் எல்லாம் தத்துவப் பள்ளிகளில் பயிற்சிகளாக இருந்தன என்று எடுத்துக்காட்டிய கட்டுரை. 1981இல் அது நூலானபோது வெளியிட்டவர்கள்கூட அகஸ்டின் ஆய்வு நூல்களை வெளியிடும் ஒரு சிறு பதிப்பகம்தான்.

ஒருவர் பெயரை இந்த இடத்தில் பலரும் விட்டுவிடுகிறார்கள். இல்செட்ராவுட் ஹாதோ. 1966இல் ஹாதோவை மணந்த ஜெர்மானிய அறிஞர். ரோமத் தத்துவாசிரியர் செனெகாவையும் பழங்காலத்தில் ஆன்மாவை வழிநடத்தும் மரபையும் பற்றிய அவருடைய ஆய்வு 1969இல், கணவரின் புகழ்பெற்ற கட்டுரைக்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே, நூலாக வந்துவிட்டது. தன் சிந்தனை திரும்பியதில் மனைவிக்கு இருந்த பங்கை ஹாதோ மறைத்ததில்லை. மறைத்ததெல்லாம் பின்னட்டைக் குறிப்பு எழுதுபவர்கள்தான்.

இனி மார்க்கஸுக்கு வருகிறேன். என்னை ஹாதோவின் பக்கம் இழுத்தது அந்த நூல்: 1992இல் வந்த 'அகக் கோட்டை'.

பேரரசரின் குறிப்புகளில் ஆறாம் புத்தகத்தின் 13ஆம் பத்தியைப் பாருங்கள். விருந்து மேசையில் இருக்கும் உயர்ந்த உணவு ஒரு மீனின் பிணம், ஒரு பறவையின் பிணம், ஒரு பன்றியின் பிணம். புகழ்பெற்ற ஃபலெர்னோ மது வெறும் திராட்சைச் சாறு. அரசர் உடுத்தும் செந்நீல ஆடை, சிப்பியின் இரத்தத்தில் தோய்த்த ஆட்டு மயிர். உடலுறவு என்பது உரசலும் சிறு வலிப்பும் கொஞ்சம் சளியும். இதைப் படித்த கல்விமான்கள் பதறிப்போனார்கள். பாவம், வாழ்க்கை கசந்துபோன மனிதர் என்றார்கள். 1954இல் ஒரு மருத்துவரும் ஒரு வரலாற்றாசிரியரும் சேர்ந்து, இவருக்கு வயிற்றுப்புண், அதற்கேற்ற மனநிலை என்று கட்டுரை எழுதினார்கள். 1961இல் இன்னொருவர், இவருக்கு அபின் பழக்கம், காலத்தின் பாதாளம் பற்றியெல்லாம் எழுதுவது அந்த மயக்கத்தின் காட்சிகள் என்றார். மருத்துவர் காலென் பேரரசருக்குக் கொடுத்த மருந்தில் அபின் இருந்தது உண்மை. அதைப் பிடித்துக்கொண்டார்கள்.

ஹாதோவின் பதில் ஒரு பதிப்பாசிரியரின் பதில். பக்கத்தைத் திருப்பு, வேறு எங்கே இப்படி வருகிறது என்று பார். மூன்றாம் புத்தகத்தின் 11ஆம் பத்தியில் மார்க்கஸே விதியைச் சொல்லியிருக்கிறார்: மனத்தில் படும் பொருள் எதுவானாலும் அதற்கு எப்போதும் ஒரு வரையறையோ விவரிப்போ செய்துகொள், நிர்வாணமாக அது என்ன என்று பார். செந்நீல ஆடையைப் பற்றிய வரி அந்த விதிப்படி போட்ட கணக்கு. செந்நீலம் யார் உடை? பேரரசருடையது. தான் உடுத்தியிருக்கும் அதிகாரத்தைத் தானே ஆட்டு மயிர் என்று எழுதிப் பழகுகிறார். காலத்தின் பாதாளமும் அப்படித்தான். மற்றத் தத்துவாசிரியர்களும் செய்துவந்த பயிற்சி அது. அபின் சாப்பிடாதவர்களும் செய்தார்கள்.

இன்னும் ஒரு படி மேலே போகிறார். சிதறிக் கிடப்பதுபோல் தெரியும் அந்தக் குறிப்புகளில் மூன்று கட்டளைகள் சுற்றிச் சுற்றி வருகின்றன: நேர்வதை மனமுவந்து ஏற்றுக்கொள், மனிதர்களிடம் நீதியாக நட, மனத்தில் படுவதைச் சோதிக்காமல் ஒப்புக்கொள்ளாதே. எபிக்டெட்டஸ் தம் மாணவர்களுக்கு வைத்திருந்த மூன்று பாடப்பிரிவுகள் இவை: விருப்பம், செயல், ஒப்புதல். மார்க்கஸ் அடிமையாயிருந்த ஒருவரின் பாடத்திட்டத்தைப் பேரரசராக இருந்துகொண்டு, தான்யூப் கரைப் போர்முகாமில் உட்கார்ந்து, கிரேக்கத்தில் மறுபடி மறுபடி எழுதிப் பார்த்திருக்கிறார். யாருக்கும் காட்ட அல்ல. கை தளராமல் இருக்க. ஒரே வீட்டுப்பாடத்தை நூறு விதமாக எழுதிய நோட்டுப் புத்தகம் அது. இந்தத் திறவுகோல் ஹாதோவுக்கு 1970களின் இறுதியிலேயே கிடைத்துவிட்டது. நூலாக்க மேலும் பத்தாண்டுக்கு மேல் எடுத்துக்கொண்டார். வாட்ஸ்ஆப் காலத்தில் நம்ப முடியாத நிதானம்.

அந்த ஆண்டேட்டுக் கட்டுரையைப் படித்தவர்களில் ஒருவர், அன்று பெரும்புகழ் பெற்றிருந்த பிரெஞ்சுச் சிந்தனையாளர் மிஷேல் ஃபூக்கோ. 1980இல் அவர் ஹாதோவைத் தொடர்புகொண்டு, கொலேஜ் து பிரான்சுக்கு விண்ணப்பிக்கிறீர்களா என்று கேட்டார். ஹாதோவுக்கு வியப்பு. புகழ்பெற்ற எகோல் நார்மாலில் படித்தவரல்லர், பாரிஸ் அறிவாளிகளின் வட்டத்தில் உலவியவரல்லர். மாஜி குரு, லத்தீன் வேலைகளோடு மல்லுக்கட்டுபவர். 1530இல் முதலாம் பிரான்சுவா தோற்றுவித்த அந்த நிறுவனம் பட்டம் தருவதில்லை, தேர்வு வைப்பதில்லை. யார் வேண்டுமானாலும் கதவைத் திறந்து வந்து பாடம் கேட்கலாம். 1982இல் தேர்வானார். தொடக்க உரை 1983 பிப்ரவரி 18. அறுபத்தோரு வயது நிறைய மூன்று நாள் பாக்கி. 1991 வரை ஹெலனிய, ரோமானியச் சிந்தனை வரலாற்றைக் கற்பித்தார்.

நன்றிக்கடனுக்காகக் கருத்தை விட்டுக்கொடுக்கவில்லை என்பதுதான் எனக்குப் பிடித்தது. 1984இல் வந்த ஃபூக்கோவின் கடைசி நூல்கள் 'தன்னைப் பேணுதல்' என்று பேசின, ஹாதோவையும் குறிப்பிட்டன. அந்த ஆண்டு ஜூனில் ஃபூக்கோ இறந்துவிட்டார். பிறகு ஹாதோ மரியாதையாக, ஆனால் தெளிவாக, தன் மறுப்பை எழுதினார். எபிக்டெட்டஸ், செனெகா, மார்க்கஸ் போன்ற ஸ்டோயிக் பள்ளிக்காரர்கள் தேடியது தன்னில் கிடைக்கும் இன்பத்தை அல்ல. தன்னைக் கடந்து, உலகம் முழுவதற்கும் பொதுவான அறிவில் ஒரு துளியாகத் தன்னைக் காண்பதை. அந்த உலகத்தை எடுத்துவிட்டுத் தன்னை மட்டும் வைத்துக்கொண்டால், இருபதாம் நூற்றாண்டின் இறுதிக்கு ஏற்ற ஒரு புதுவகை ஒப்பனைக் கலையாகிவிடும் அபாயம் இருக்கிறது என்றார். ரூய்னார் தெருவில் நின்ற பையனுக்கு அந்த உலகம் எவ்வளவு பெரியது என்று தெரியுமே. இன்று 'ஸ்டோயிக் போல் இருங்கள்' என்று கட்டணம் வாங்கிக்கொண்டு வகுப்பு நடத்துபவர்கள் ஹாதோவை மேற்கோள் காட்டும்போது, இந்த மறுப்புக் கட்டுரையையும் சேர்த்துக் காட்டினால் நன்றாக இருக்கும். வகுப்புக்கு ஆள் குறையலாம்.

ஹாதோவின் மேல் விமர்சனம் இல்லாமல் இல்லை. பிரின்ஸ்டன் பேராசிரியர் ஜான் கூப்பர் 2012இல் எழுதிய நூலில், பழந்தத்துவம் வாழும் முறை என்பதை ஏற்றுக்கொண்டு, ஆனால் அந்த வாழ்வை நடத்தியது தர்க்கமும் வாதமுமே, பயிற்சி, தியானம் என்பதெல்லாம் பிற்காலத்தில் ஏறியவை என்றார். குருமடத்தில் வளர்ந்தவர் எங்கும் ஜெபத்தையே காண்கிறார் என்ற சந்தேகம் பலருக்கும் உண்டு. எனக்கு இதில் பாதி சரியாகப் படுகிறது. செனெகாவுக்கும் மார்க்கஸுக்கும் பொருந்துவது அரிஸ்டாட்டிலுக்கு அவ்வளவு எளிதாகப் பொருந்தவில்லை. ஹாதோ அங்கே கொஞ்சம் தள்ளித் தள்ளித்தான் பொருத்துகிறார்.

'தத்துவமாக இருந்தது மொழிநூலாகிவிட்டது' என்று செனெகா ஒரு கடிதத்தில் சலித்துக்கொள்கிறார். பழைய ஸ்டோயிக் ஆசிரியர் கிரிசிப்பஸை விளக்கத் தெரிந்ததற்காகப் பெருமைப்படும் மாணவனை எபிக்டெட்டஸ் கிண்டல் செய்கிறார். இன்னோரிடத்தில் சொல்கிறார்: ஆடு எவ்வளவு புல் தின்றேன் என்று மேய்ப்பனிடம் காட்டாது, பாலையும் கம்பளியையும் கொடுக்கும். பேராசிரியர்கள் பேராசிரியர்களை உற்பத்தி செய்யும் இடமாகப் பல்கலைக்கழகம் ஆகிவிட்டதே என்று ஹாதோவும் இதே பாட்டைப் பாடுகிறார். படிக்கும்போதெல்லாம் எனக்குச் சிரிப்பு வரும். ஐயா, நீங்கள் ஆசிரியர் பெயரே இல்லாத ஓர் ஏட்டுக்காகக் கண்ணைக் கெடுத்துக்கொண்டிருக்காவிட்டால் இது ஒன்றும் உங்களுக்குத் தெரிந்திருக்காதே!

முதலில் படிக்க 'அகக் கோட்டை'. மார்க்கஸைப் பக்கத்தில் திறந்து வைத்துக்கொண்டு. அடுத்து, 2001இல் வந்த நேர்காணல் நூல். அதில்தான் மனிதர் பேசுகிறார். 1995இல் வந்த 'பழங்காலத் தத்துவம் என்றால் என்ன?' பாடநூல்போல ஒழுங்காக இருக்கும். எனக்கு அந்த ஒழுங்கு கொஞ்சம் அலுப்பு.

கடைசியாக ஒன்று. 1996இல் கொலேஜ் து பிரான்ஸ் பேராசிரியர் மிஷேல் தார்தியு ஒரு ஆய்வை வெளியிட்டார். எகிப்தின் நாக் ஹமாதியில் 1945இல் கிடைத்த ஏடுகளில் 'சோஸ்திரியானோஸ்' என்றொரு ஞானவாத நூல் உண்டு. அதன் ஒரு பகுதியும், விக்டோரினுஸின் நூலில் ஒரு பகுதியும் கிட்டத்தட்டச் சொல்லுக்குச் சொல் ஒன்றாக இருப்பதை அவர் கண்டுபிடித்தார். அதாவது, போர்ஃபிரியின் கை என்று ஹாதோ காட்டிய ஒட்டுகளில் ஒன்று போர்ஃபிரியைவிடப் பழைய ஏதோ ஒரு மூலத்திலிருந்து வந்திருக்கிறது. இருபது ஆண்டு உழைப்பின் ஒரு மூலைக்கல்லே ஆட்டம் கண்டது. தார்தியுவின் ஆய்வை அடுத்து அதே தொகுதியில் இன்னொரு கட்டுரை இருக்கிறது: 'போர்ஃபிரியும் விக்டோரினுஸும்: கேள்விகளும் கருதுகோள்களும்'. எழுதியவர் எழுபத்துநான்கு வயது ஹாதோ. புதிய சான்றை எடுத்து வைத்துக்கொண்டு, தன் பழைய முடிவைத் தானே மறுபடி சோதித்திருக்கிறார். ஒரு காற்புள்ளியை மாற்றலாமா என்று கேட்டதற்கே பேச்சை நிறுத்திக்கொண்ட ஆசிரியர்களோடு காலம் தள்ளியவள் நான். 2010 ஏப்ரலில் ஹாதோ இறந்த பிறகும் அந்த டூரின் பக்கங்கள் யாருடையவை என்ற சண்டை ஓயவில்லை; சண்டை போடுபவர்கள் கையில் அவர் பதிப்பித்த பாடமும் இருக்கிறது.